டெக்சஸ் கைத்துப்பாக்கி லைசென்ஸ்: புதுப்பிப்பதா, விட்டுவிடுவதா, மறுபடி வகுப்புக்குப் போவதா?

லைசென்ஸ் காலாவதியாகும் தேதி நெருங்கும்போது டெக்சஸில் இப்போது பலரும் கேட்பது ஒன்றுதான்: "லைசென்ஸே இல்லாமல் எடுத்துப்போகலாம் என்று சட்டம் வந்துவிட்டதே, அப்புறம் எதற்குப் புதுப்பிக்க வேண்டும்?" டாலஸுக்கு வடக்கே ப்ளேனோ, ஃப்ரிஸ்கோ பக்கமும், ஹூஸ்டனில் சுகர்லேண்ட் பக்கமும் இருக்கும் நம்மவர்கள் சிலரிடமும் இந்த அட்டை இருக்கிறது. ரேஞ்ச் எனும் சுடும் பயிற்சிக் கூடத்தில் சுடும் ஆர்வத்தில் எடுத்தவர்கள் உண்டு. இரவு கடையைப் பூட்டிவிட்டுப் பணப்பையோடு வீடு திரும்புகிறவர்களும் உண்டு. அவர்களை மனத்தில் வைத்துத்தான் எழுதுகிறேன்.

என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். புதுப்பியுங்கள். கட்டணம் 40 டாலர். அந்த அட்டை தரும் சட்டப் பாதுகாப்போடு பார்த்தால் அது பெரிய தொகையே இல்லை. ஆனால் புதுப்பித்ததோடு வேலை முடிந்தது என்று இருந்துவிடாதீர்கள். புதுப்பிக்கும்போது டெக்சஸ் அரசு உங்களிடம் எந்தப் பயிற்சியும் கேட்பதில்லை. அரசு கேட்காமல் விட்ட அந்த ஒன்றுதான் உங்களுக்கும் சுற்றி இருப்பவர்களுக்கும் அதிகம் தேவைப்படுவது.

இந்த நிலைமை ஒரே நாளில் வரவில்லை. 1995ல் அன்றைய ஆளுநர் ஜார்ஜ் டபிள்யூ. புஷ் கையெழுத்திட்ட சட்டத்தால் 1996 தொடக்கத்திலிருந்து டெக்சஸ்காரர்கள் கைத்துப்பாக்கியை மறைத்து எடுத்துச்செல்ல முடிந்தது. அதற்கான லைசென்ஸ் எடுக்க அப்போது வகுப்பு 10 முதல் 15 மணி நேரம். புதுப்பிக்கவும் வகுப்புக்குப் போயாக வேண்டும். 2013ல் முதல்முறை வகுப்பை 4 முதல் 6 மணி நேரமாகக் குறைத்தார்கள். புதுப்பிப்பதற்கான வகுப்பை அடியோடு எடுத்துவிட்டார்கள். 2016 ஜனவரியில் ஹோல்ஸ்டர் எனும் துப்பாக்கி உறையில் வைத்து வெளியே தெரியும்படி எடுத்துச்செல்லவும் அனுமதி வந்தது. 2017 செப்டம்பரில் புது லைசென்ஸுக்கு இருந்த 140 டாலர் கட்டணம் 40 ஆனது. கடைசியாக 2021 செப்டம்பர் 1 முதல், 21 வயது நிரம்பிய, சட்டப்படி துப்பாக்கி வைத்திருக்கத் தகுதியுள்ளவர் லைசென்ஸே இல்லாமல் கைத்துப்பாக்கியோடு வெளியே போகலாம் என்றானது.

ஆகவே இன்று உங்கள் முன்னால் மூன்று வழிகள் இருக்கின்றன. அட்டையைக் காலாவதியாக விட்டுவிட்டு 2021 சட்டத்தை நம்பிப் போவது ஒன்று. இணையத்தில் 40 டாலர் கட்டிப் புதுப்பித்துக்கொள்வது இன்னொன்று. புதுப்பித்து, கூடவே சொந்த விருப்பத்தில் வகுப்புக்கும் ரேஞ்சுக்கும் போவது மூன்றாவது. ஓரமாக இன்னும் இரண்டு உண்டு: வேறு மாநிலத்து லைசென்ஸ் வாங்குவது, துப்பாக்கியை எடுத்துச்செல்வதையே நிறுத்திக்கொள்வது. அவற்றைக் கடைசியில் பார்ப்போம்.

விட்டுவிட்டால் என்ன இழக்கிறீர்கள்?

முதல் இழப்பு கடை வாசலிலேயே தெரிந்துவிடும். டெக்சஸில் கடைகளும் அலுவலகங்களும் மாட்டும் அறிவிப்புப் பலகைகளில் சட்டப்பிரிவின் எண் இருக்கும். 30.06 என்றிருந்தால் லைசென்ஸ் வைத்திருப்பவரும் மறைத்து எடுத்து வரக்கூடாது. 30.07 என்றால் லைசென்ஸ் உள்ளவர் வெளியே தெரியும்படி எடுத்து வரக்கூடாது. 2021க்குப் பிறகு வந்தது 30.05 பலகை. அது லைசென்ஸ் இல்லாதவர்களைத் தடுப்பதற்கானது. கையில் செல்லுபடியாகும் லைசென்ஸ் இருந்தால், துப்பாக்கியோடு வந்தார் என்ற காரணத்துக்காக மட்டும் 30.05ன் கீழ் வழக்குப் போட்டால் அதிலிருந்து தப்பிக்கச் சட்டமே வழி கொடுக்கிறது. அதாவது ஒரே வாசலில், ஒரே பலகைக்கு முன்னால், அட்டை உள்ளவரின் நிலை வேறு, இல்லாதவரின் நிலை வேறு. பலகையைக் கவனிக்காமல் நுழைந்தால் பொதுவாக 200 டாலர் வரை அபராதத்தோடு போகும். வெளியே போங்கள் என்று நேரில் சொன்ன பிறகும் நின்றால் சிறைவரை போகக்கூடிய குற்றம்.

சிவப்பு எழுத்தில் 51 சதவீதம் என்று போட்ட பலகைக்கு இந்த வித்தியாசம் எதுவும் கிடையாது. வருமானத்தில் பாதிக்கு மேல் அங்கேயே குடிக்கும் மதுவிலிருந்து வரும் இடம் அது. அட்டை இருந்தாலும் இல்லாவிட்டாலும் துப்பாக்கியோடு உள்ளே போகக்கூடாது.

இரண்டாவது இழப்பைப் பலர் அறியவே இல்லை. அமெரிக்க மத்தியச் சட்டப்படி பள்ளி வளாகத்திலிருந்து 1,000 அடிக்குள் துப்பாக்கி வைத்திருப்பது குற்றம். 5 ஆண்டு வரை சிறை. இந்தச் சட்டம் 1990ல் வந்தது. சான் அன்டோனியோவில் ஒரு உயர்நிலைப் பள்ளி மாணவர் மேல் போடப்பட்ட வழக்கில் 1995ல் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. மறு ஆண்டே நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தி மறுபடி கொண்டுவந்தது, இன்றும் அது நடப்பில் இருக்கிறது. அதில் சில விலக்குகள் உண்டு. தனியார் இடத்துக்குள் இருக்கலாம். தோட்டாவை எடுத்துவிட்டுப் பூட்டிய பெட்டியில் வைக்கலாம். மூன்றாவது விலக்கு, அந்தப் பள்ளி இருக்கும் மாநிலமே பின்னணியைச் சரிபார்த்துக் கொடுத்த லைசென்ஸ் உங்களிடம் இருப்பது. லைசென்ஸ் இல்லாமல் எடுத்துப்போகும் உரிமை இந்த மூன்றாவதில் சேராது.

நம் புறநகர்களை ஒரு நிமிடம் மனத்தில் ஓட்டிப் பாருங்கள். குடியிருப்புக்கு நடுவிலேயே தொடக்கப் பள்ளி, நாலு தெரு தள்ளி நடுநிலைப் பள்ளி. 1,000 அடி என்றால் சுமார் 300 மீட்டர். பால் வாங்கப் போகிற வழியில்கூட அந்த வட்டத்துக்குள் போகாமல் இருக்க முடியாது. இந்தச் சட்டத்தின் கீழ் மட்டும் யாரையும் பிடித்து வழக்குப் போடுவது அரிது, உண்மைதான். ஆனால் வேறு ஏதோ ஒன்றில் மாட்டும்போது இதையும் சேர்த்துப் போட இடம் இருக்கிறது. "நான் காரில் மட்டும்தான் வைத்திருக்கிறேன், காருக்கு 2007லிருந்தே லைசென்ஸ் வேண்டாமே" என்று சொல்பவர்கள் கவனிக்க வேண்டிய இடமும் இதுதான். அது மாநிலச் சட்டம். பள்ளி வட்டம் மத்தியச் சட்டம்.

இங்கே குடியேறி வந்தவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. கிரீன் கார்டு உள்ளவர் சட்டப்படி துப்பாக்கி வாங்கலாம், டெக்சஸ் லைசென்ஸும் எடுக்கலாம். ஆனால் அமெரிக்கக் குடிவரவுச் சட்டத்தில், துப்பாக்கி தொடர்பான குற்றத்தில் தண்டனை பெறுவது நாடு கடத்துவதற்கே ஒரு காரணம். உள்ளூர்க்காரர் அபராதம் கட்டி மறந்துவிடும் விஷயம், கிரீன் கார்டில் இருப்பவருக்கு வாழ்க்கையே புரண்டுபோகும் விஷயமாக மாறலாம். அப்படி இருக்கும்போது 40 டாலரை மிச்சம் பிடிப்பதில் எனக்கு ஒரு நியாயமும் தெரியவில்லை. எச்-1பி, எல்-1, எஃப்-1, எச்-4 போன்ற விசாவில் இருப்பவர்கள் கதையே வேறு. வேட்டை லைசென்ஸ் போன்ற சில விதிவிலக்குகள் தவிர, மத்தியச் சட்டம் அவர்களைத் துப்பாக்கியோ தோட்டாவோ வைத்திருக்கவே விடுவதில்லை. கணவனுக்குக் கிரீன் கார்டு, மனைவி விசாவில் என்றிருக்கும் வீட்டில் துப்பாக்கியை யார் கையில் எட்டும்படி வைப்பது என்பதுகூடச் சட்டக் கேள்விதான். அதற்கு நண்பர்களைக் கேட்காதீர்கள். குடிவரவு வழக்கறிஞரிடம் போங்கள்.

பல்கலைக்கழக வளாகம் அடுத்தது. 2016 ஆகஸ்ட் 1 முதல் டெக்சஸின் அரசுப் பல்கலைக்கழகங்களிலும், ஓராண்டு கழித்து சமுதாயக் கல்லூரிகளிலும், லைசென்ஸ் உள்ளவர் கைத்துப்பாக்கியை மறைத்து எடுத்துச்செல்லலாம். பல்கலைக்கழகம் விலக்கி வைத்திருக்கும் கட்டடங்களுக்கு மட்டும் போகக்கூடாது. 2021 சட்டம் இதைத் தொடவில்லை. பிள்ளையை ஆஸ்டினிலோ ரிச்சர்ட்சனிலோ விடுதியில் விட்டுவர வளாகக் கட்டடத்துக்குள் நுழையும் பெற்றோர், அட்டை காலாவதியாகி இருந்தால், அன்றுவரை சட்டப்படி செய்துவந்த அதே காரியத்தால் அன்றைக்குக் குற்றவாளி ஆகிறார்.

விமான நிலையத்தில் வரும் தொல்லை இன்னும் பெரிது. பையில் துப்பாக்கி இருப்பதை மறந்து பரிசோதனை வரிசைக்கு வருகிறவர்கள் அமெரிக்கா முழுக்க ஆயிரக்கணக்கில் பிடிபடுகிறார்கள். டாலஸ், ஹூஸ்டன் விமான நிலையங்களில் இது அடிக்கடி நடக்கிறது. லைசென்ஸ் உள்ளவர், துப்பாக்கி இருப்பதை அதிகாரிகள் சொன்னவுடன் அங்கிருந்து வெளியேறிவிட்டால், மாநிலக் குற்ற வழக்கில் அதுவே அவருக்குத் தற்காப்பு ஆகும். இந்தச் சலுகையைச் சட்டம் லைசென்ஸ் உள்ளவருக்கு மட்டுமே கொடுக்கிறது. மத்திய அரசின் விமானப் பாதுகாப்புத் துறை போடும் அபராதம் மட்டும் இருவருக்கும் உண்டு, அது ஆயிரக்கணக்கான டாலர்.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கடையில் புதுத் துப்பாக்கி வாங்கும்போது, டெக்சஸ் லைசென்ஸைக் காட்டினால் எஃப்.பி.ஐ.யின் உடனடிப் பின்னணிச் சோதனைக்குக் காத்திருக்க வேண்டாம். தடை செய்யப்பட்ட ஒருவரின் பெயரை ஒத்த பெயர் உள்ளவர்களுக்கு அந்தச் சோதனை சில நாட்கள் இழுக்கும். ஆஸ்டினில் மாநிலத் தலைமைச் செயலகமான கேப்பிட்டல் கட்டடத்துக்குள் நுழையவும் இந்த அட்டை உதவும். தேர்தலில் வாக்களிக்கக் காட்ட வேண்டிய புகைப்பட அடையாள அட்டைகளின் பட்டியலிலும் கைத்துப்பாக்கி லைசென்ஸ் இருக்கிறது; ஓட்டுரிமை குடிமக்களுக்கு மட்டும்தான் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

வெளி மாநிலப் பயணம் பற்றி மட்டும், அட்டைக்கு ஆதரவாகப் பேசுகிறவர்கள் கொஞ்சம் மிகைப்படுத்துகிறார்கள். பக்கத்து மாநிலங்களில் ஓக்லஹோமா 2019 நவம்பரிலிருந்தும், லூசியானா 2024 ஜூலை 4லிருந்தும் லைசென்ஸ் கேட்பதில்லை. ஆர்கன்சாவும் அப்படித்தான். எல்லையை ஒட்டிய மாநிலங்களில் நியூ மெக்சிகோ மட்டும்தான் காரைவிட்டு இறங்கி மறைத்து எடுத்துச்செல்ல லைசென்ஸ் கேட்கிறது. டெக்சஸ் லைசென்ஸை அது ஏற்கிறது. சான்டா ஃபே, கார்ல்ஸ்பாட் குகை என்று விடுமுறைக்குப் போகிறவர்களுக்கு இது உதவும். ஆனால் கலிஃபோர்னியா, நியூயார்க், நியூ ஜெர்சி எதுவும் டெக்சஸ் அட்டையை மதிக்காது. அங்கே போகும்போது துப்பாக்கியை வீட்டில் வைத்துவிட்டுப் போவதுதான் சரி. இன்னொன்று, மேலே சொன்ன பள்ளி வட்ட விலக்கு, லைசென்ஸ் கொடுத்த மாநிலத்துக்குள் மட்டும்தான் செல்லும். டெக்சஸ் அட்டையோடு ஓக்லஹோமா பள்ளியைத் தாண்டிப் போகும்போது அது உங்களைக் காப்பாற்றாது.

40 டாலர் புதுப்பித்தல்: எளிது, ஆனால் அதில் என்ன இல்லை?

முதல் லைசென்ஸ், கொடுத்த நாளிலிருந்து நான்கு ஆண்டு முடிந்தபின் வரும் உங்கள் பிறந்தநாளோடு முடியும். புதுப்பித்தது ஐந்து ஆண்டு செல்லும். டி.பி.எஸ். எனப்படும் பொதுப் பாதுகாப்புத் துறையின் தளத்தில் விண்ணப்பித்து, கட்டணம் கட்டினால் மறுபடி பின்னணியைச் சரிபார்ப்பார்கள். ராணுவத்தில் பணியில் இருப்பவர்களுக்குக் கட்டணம் கிடையாது. கடந்த ஐந்து ஆண்டில் ஏ, பி வகைக் குற்றத்தில் (சிறைவரை போகக்கூடிய சிறு குற்றங்கள்) தண்டனை, கட்டாத பிள்ளை பராமரிப்புத் தொகை, மாநிலத்துக்குக் கட்டாமல் நிற்கும் வரி போன்றவை இருந்தால் தடை. வகுப்பு இல்லை, ரேஞ்ச் இல்லை. உயிர்போக்கும் பலத்தை எப்போது பயன்படுத்தலாம், எங்கெங்கே துப்பாக்கி கூடாது என்பதைச் சொல்லும் தகவல் படிவத்தைப் படித்தேன் என்று ஒப்புதல் கொடுத்தால் போதும்.

அந்தப் படிவத்தை எத்தனை பேர் உண்மையாகவே படிக்கிறார்கள்? வேலை நடுவில் கைப்பேசியில் ஒப்புதல் பொத்தானை அழுத்திவிட்டுப் போவது எளிது. அங்கேதான் சிக்கல் தொடங்குகிறது. 2015ல் வகுப்பில் உட்கார்ந்து லைசென்ஸ் எடுத்தவரை நினைத்துப் பாருங்கள். அன்று அவர் கற்றதில் எவ்வளவு மாறிவிட்டது! பல்கலைக்கழக வளாக விதி அதற்குப் பின் வந்தது. வழிபாட்டிடங்கள் பற்றிய குழப்பமான விதியை 2019ல் திருத்தினார்கள். இப்போது கோயிலோ தேவாலயமோ, முறையான அறிவிப்பு வைத்துத் தடுத்தால்தான் லைசென்ஸ் உள்ளவருக்குத் தடை. வெள்ளிக்கிழமை பூஜைக்குப் போகும்போது வாசலில் என்ன பலகை இருக்கிறது என்று அவர் பார்க்க வேண்டும், பழைய வகுப்பு நினைவை வைத்துக்கொண்டு போகக்கூடாது. 2021ல் தடை செய்யப்பட்ட இடங்களின் பட்டியலையே எடுத்து வேறு பிரிவில் சேர்த்து எழுதினார்கள். 30.05 பலகை அவர் வகுப்பில் பேச்சிலேயே வந்திருக்காது. இத்தனைக்கும் அவர் அட்டை இன்றும் செல்லும்.

டெக்சஸ் சட்டமன்றம் ஒற்றைப்படை ஆண்டுகளில்தான் வழக்கமாகக் கூடும். அங்கே நிறைவேறும் சட்டங்களில் பெரும்பாலானவை அந்த ஆண்டு செப்டம்பர் 1ல் நடைமுறைக்கு வரும். துப்பாக்கி எடுத்துச்செல்பவர் 2025, 2027 என்று ஒவ்வொரு ஒற்றைப்படை ஆண்டின் கோடையிலும் மாற்றங்களை ஒருமுறை பார்த்தே ஆக வேண்டும். ஐந்து ஆண்டுக்கு ஒருமுறை வரும் படிவம் அதற்குப் போதாது.

மற்ற மாநிலங்கள் எல்லாம் இப்படி விட்டுவிடவில்லை. இல்லினாயில் முதலில் 16 மணி நேரப் பயிற்சி. ஐந்து ஆண்டு கழித்துப் புதுப்பிக்க 3 மணி நேரம். கலிஃபோர்னியாவில் 2024 தொடக்கத்தில் வந்த சட்டப்படி முதலில் குறைந்தது 16 மணி நேரம், இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்கும்போது குறைந்தது 8 மணி நேரம். மிச்சிகன் நடுவழியைப் பிடித்திருக்கிறது: புதுப்பிப்பவர் குறைந்தது 3 மணி நேரம் பாடத்தைத் திரும்பப் பார்த்ததாகவும், 1 மணி நேரம் ரேஞ்சில் சுட்டதாகவும் தானே உறுதி கொடுக்க வேண்டும். கலிஃபோர்னியா முறையின் செலவும் அலைச்சலும் சாதாரணச் சம்பளக்காரரை ஒதுக்கிவிடும் என்ற வாதத்தில் எனக்கு உடன்பாடு உண்டு. இரவுக் காவல் வேலை பார்க்கிறவருக்கும் தன்னைக் காத்துக்கொள்ளும் உரிமை வேண்டும். ஆனால் மிச்சிகன் கேட்கும் நாலு மணி நேரம் யாருக்கும் பாரம் இல்லை. டெக்சஸ் கேட்காவிட்டாலும் அந்த நாலு மணி நேரத்தை நீங்களே உங்களிடம் கேட்டு வாங்கிக்கொள்ளலாம்.

மறுபடி பயிற்சி: எதற்கு, எந்த மாதிரி?

முதல் லைசென்ஸுக்கு வைக்கும் சுடும் தேர்வை நினைவுக்குக் கொண்டுவாருங்கள். ஆள் உருவம் வரைந்த காகிதம். 3 கஜத்திலிருந்து 20 தோட்டா, 7 கஜத்திலிருந்து 20, 15 கஜத்திலிருந்து 10. மொத்தம் 50 தோட்டா, 250 புள்ளி. 175 எடுத்தால் தேர்ச்சி. 3 கஜம் என்பது ஒரு சின்ன அறையின் நீளம், 15 கஜம் நம் வீட்டு முன்வாசலிலிருந்து எதிர்வீட்டுப் புல்தரை வரை. கொஞ்சம் பழகியவருக்கு இது கடினமே இல்லை.

இந்தத் தேர்வில் ஒரு முக்கியமான வேலை வரவே வராது: ஹோல்ஸ்டரிலிருந்து துப்பாக்கியை எடுப்பது. மறைத்து எடுத்துச்செல்வதற்கு லைசென்ஸ் கொடுக்கிறார்கள், ஆனால் மறைத்து வைத்ததை எடுக்கத் தெரியுமா என்று பார்ப்பதில்லை. வகுப்பில் இதைச் சொல்லிக்கொடுக்கும் பயிற்சியாளர் உங்களை முதலில் காலித் துப்பாக்கியோடுதான் நிற்கவைப்பார். இடது கையால் சட்டையின் கீழ்விளிம்பைக் கொத்தாகப் பிடித்து மார்பு வரை தூக்க வேண்டும். வலது கை பிடியை முழுதாகப் பற்றிய பிறகுதான் உருவ வேண்டும். ஆள்காட்டி விரல் விசையைத் தொடாமல் பக்கவாட்டில் நீட்டியபடி இருக்க வேண்டும். எடுப்பதைவிட ஆபத்தானது திரும்ப வைப்பது. சட்டை நுனியோ, இடுப்பு ஜாக்கெட்டின் நாடாவோ விசையைச் சுற்றியிருக்கும் வளையத்துக்குள் போய்விட்டால், உள்ளே அழுத்தும்போது துப்பாக்கி வெடிக்கும். குண்டு தொடையில் பாயும். அதனால் திரும்ப வைக்கும்போது அவசரமே கூடாது, குனிந்து கண்ணால் பார்த்து மெதுவாக வை என்று திரும்பத் திரும்பச் சொல்வார்கள். கையில் ஏறும்வரை இதைச் செய்ய ஒரு மதியம் பிடிக்கும். புடவையோ சுரிதாரோ உடுத்துகிற பெண்கள் தங்கள் உடைக்கு ஏற்ற ஹோல்ஸ்டர் எது என்பதைப் பயிற்சியாளரிடம் இங்கேயே பேசித் தீர்த்துக்கொள்ள வேண்டும். பெல்ட் போட்ட ஆணின் இடுப்பை வைத்துச் சொன்ன பாடம் அவர்களுக்குப் பொருந்தாது.

மறுபயிற்சிக்கு என்னென்ன வழி? டெக்சஸ் லைசென்ஸின் அடிப்படை வகுப்பிலேயே இன்னொரு முறை உட்காரலாம். 4 முதல் 6 மணி நேரத்தில் இன்றைய சட்டம் முழுக்கத் திரும்ப வந்துவிடும், குழந்தைகள் இருக்கும் வீட்டில் எப்படிப் பூட்டி வைப்பது, சண்டையை வன்முறை இல்லாமல் எப்படித் தணிப்பது என்பதும் அதில் பாடம். பாடப் பகுதியை இணையத்திலும் முடிக்கலாம். சட்டம் மறந்துபோனவர்களுக்கு இது சரியான வழி. சுடுவதில் நம்பிக்கை இல்லாதவர்கள் ஹோல்ஸ்டர் வேலையும் அசைவும் சேர்ந்த தற்காப்பு வகுப்புக்குப் போகட்டும். ஒரு நாள் வகுப்புகள் பல ரேஞ்சுகளில் உண்டு. செலவில் தோட்டாவும் கணிசமாக இருக்கும், அதனால் சேரும் முன் எத்தனை தோட்டா கொண்டுவரச் சொல்கிறார்கள் என்று கேட்டுக்கொள்ளுங்கள். இரண்டில் ஒன்றைத்தான் செய்ய முடியும் என்றால் நான் சட்ட வகுப்பைத்தான் முதலில் சொல்வேன். டெக்சஸ் சட்டம் சில நேரங்களில், குறிப்பாக இரவுத் திருட்டில், சொத்தைக் காக்கக்கூட உயிர்போக்கும் பலத்தை அனுமதிக்கிறது. அதை அரைகுறையாகக் கேட்டு வைத்துக்கொண்டு, கார் கண்ணாடியை உடைத்துவிட்டு ஓடுகிறவனைப் பார்த்துச் சுடலாம் என்று நம்பிக்கொண்டிருப்பவர்கள் இருக்கிறார்கள். சட்டம் வைக்கும் நிபந்தனைகள் பல. அவற்றைப் பின்னால் எடைபோடப் போவது போலீஸ், அரசு வழக்கறிஞர், வழக்கு தொடரலாமா என்று முடிவு செய்யும் பெருநடுவர் குழு. சுட்ட பிறகு தெரிந்துகொள்ளும் விஷயம் அல்ல அது.

ஓரத்தில் இருக்கும் இரண்டு வழிகள்

யூட்டா, அரிசோனா, ஃப்ளோரிடா போன்றவை வெளி மாநிலத்தவருக்கும் லைசென்ஸ் கொடுக்கின்றன. அடிக்கடி பல மாநிலங்களுக்குக் காரில் போகிறவர்கள் யூட்டா அட்டையைக் கூடுதலாக வைத்துக்கொள்வதுண்டு. டெக்சஸை விட்டுவிட்டு யூட்டாவை மட்டும் வாங்கிக்கொள்ளலாம் என்ற கணக்கு மட்டும் வேண்டாம். யூட்டா லைசென்ஸை ஏற்கும் மாநிலத்தில் வசிப்பவர் விண்ணப்பித்தால், முதலில் சொந்த மாநில லைசென்ஸைக் காட்டு என்கிறது யூட்டா. டெக்சஸ் அந்த வகையில்தான் வருகிறது. பள்ளி வட்டத்திலும் டெக்சஸுக்குள் டெக்சஸ் அட்டைதான் செல்லும்.

எடுத்துச்செல்வதையே நிறுத்துவது பற்றிப் பேச நம்மில் பலருக்குத் தயக்கம். தோல்வியை ஒப்புக்கொள்வது போலத் தோன்றுகிறது. அப்படி இல்லை. அலுவலகம் அனுமதிக்காது, பிள்ளையின் பள்ளிக்குள் போகக்கூடாது, மாலையில் 51 சதவீதப் பலகை உள்ள இடத்தில் நண்பர்களைச் சந்திக்கிறீர்கள் என்றால், துப்பாக்கி நாளின் பெரும்பகுதி காரில்தான் கிடக்கும். நிறுத்திய காரிலிருந்துதான் துப்பாக்கிகள் எளிதாகத் திருடுபோகின்றன, திருடுபோனது யார் கைக்குப் போகும் என்று சொல்லவே வேண்டாம். அப்படிப்பட்ட வாழ்க்கை உள்ளவர், வீட்டில் நல்ல பெட்டகத்தில் பூட்டி வைத்துவிட்டு வெறுங்கையோடு போவதே மேல். 17 வயதுக்குக் கீழுள்ள பிள்ளை கையில் குண்டு போட்ட துப்பாக்கி கிடைக்கும்படி விடுவது டெக்சஸில் குற்றம். அமெரிக்காவில் துப்பாக்கியால் நிகழும் சாவுகளில் பாதிக்கு மேல் தற்கொலை என்பதும் மறக்கக்கூடாத உண்மை. வீட்டில் யாராவது மனச்சோர்வில் இருக்கும் காலத்தில், லைசென்ஸைப் பற்றிய கேள்விக்கு முன்னால் துப்பாக்கி அந்த வீட்டில் இருக்கலாமா என்ற கேள்வி வரவேண்டும். எடுத்துச்செல்வதை நிறுத்தியவரும் அட்டையைப் புதுப்பித்து வைத்துக்கொள்ளலாம், அதில் முரண் ஒன்றும் இல்லை.

யாருக்கு எது?

கடை நடத்துகிறவர், இரவில் தனியாகத் திரும்புகிறவர், உண்மையிலேயே தினமும் இடுப்பில் வைத்துப் போகிறவர் என்றால் மூன்றாவது வழியைத் தவிர வேறு எதையும் என்னால் சொல்ல முடியாது: புதுப்பியுங்கள், இந்த ஆண்டே சட்ட வகுப்பு, அடுத்து ஹோல்ஸ்டர் வகுப்பு. கிரீன் கார்டில் இருப்பவர்கள் எடுத்துச்சென்றால் லைசென்ஸோடு மட்டுமே எடுத்துச்செல்லுங்கள். ஒரு வாரம்கூட அட்டை காலாவதியாகிக் கிடக்க விடாதீர்கள். ரேஞ்சுக்குப் போகும்போது மட்டும் பெட்டியில் பூட்டிக் கொண்டுபோய், பூட்டித் திரும்பக் கொண்டுவருகிறவருக்கு அட்டை கட்டாயத் தேவை இல்லை. விட்டுவிட்டாலும் பெரிய நஷ்டம் இல்லை. ஆனால் பிறகு மனம் மாறினால் முதலிலிருந்து வகுப்பு, சுடும் தேர்வு, கைரேகை என்று தொடங்க வேண்டி வரலாம், அதை யோசித்துக்கொண்டு முடிவெடுங்கள். மாதத்தில் பெரும்பாலான நாள் வீட்டிலேயே வைத்துவிட்டு எப்போதாவது எடுத்துப்போகிறவர்தான் என்னை அதிகம் யோசிக்கவைக்கிறார். பழக்கம் விட்டுப்போனவர் அவர்தான். பலகைகள் மறந்திருக்கும், கை தடுமாறும். அவர் 40 டாலரைக் கட்டும் அன்றே ஒரு பயிற்சியாளரையும் அழைத்து நாள் குறித்துவிட வேண்டும்.

விண்ணப்பத்தைப் பிறந்தநாளுக்குச் சில வாரங்கள் முன்பாகவே போட்டுவிடுங்கள். வீடு மாறியிருந்தால் முதலில் முகவரியை மாற்றுங்கள், இல்லாவிட்டால் புது அட்டை பழைய வீட்டு வாசலுக்குப் போகும். புது அட்டை கைக்கு வரும் முன் பழையது காலாவதியாகிவிட்டால், அந்த இடைவெளி நாட்களில் நீங்கள் லைசென்ஸ் இல்லாதவர்தான். பல்கலைக்கழகம், பள்ளி வட்டம், 30.05 பலகை எல்லாமே அந்த நாட்களில் உங்களுக்கு வேறு மாதிரி. அதுவரை துப்பாக்கி பெட்டகத்திலேயே இருக்கட்டும்.